பூட்டுக் கழற்றும் திஹோமிர்

நீஷ் நகரத்துப் பேருந்துப் பணிமனைக்குப் பின்னால் நிற்கும் எங்கள் அடுக்குமாடியில் யாருடைய போனை அணைத்துத் திரும்பப் போட்டாலும், முதலில் மஞ்சள் எழுத்தில் ஓர் எச்சரிக்கை வரும். இந்தப் போனின் பூட்டு கழற்றப்பட்டிருக்கிறது, இதை நம்புவதற்கில்லை என்று போனே தன் வாயால் ஒப்புக்கொள்ளும். புத்தியுள்ளவன் அதைப் பார்த்தால் கொஞ்சமாவது யோசிப்பான். எங்கள் ஆட்களோ அதைப் பதக்கம் மாதிரி நாலு பேருக்குக் காட்டிக்கொண்டு திரிந்தார்கள். எல்லாம் இரண்டாம் மாடி திஹோமிரின் கைங்கரியம்.

திஹோமிர் பணிமனையில் எலக்ட்ரீஷியன். அவர் கை வைத்த பேருந்தில் கதவு திறந்தால் மூடாது, மூடினால் திறக்காது. அதையும் பயணிகளின் தப்பு என்று நிரூபிக்கிற வாய் அவருக்கு உண்டு. நல்ல உயரம், தன்னைப் பற்றி அதைவிட உயரமான அபிப்பிராயம். எந்தப் பொருளை எடுத்தாலும் அதைச் செய்தவன் முட்டாள், வாங்கினவன் ஏமாளி, இரண்டையும் கண்டுபிடித்துச் சொன்னவர் அவர். ஒருநாள் அவருடைய போன் மெதுவாக ஓட ஆரம்பித்தது. இணையத்தில் போன் பைத்தியங்கள் கூடிப் பேசும் ஓர் இடத்தைக் கண்டுபிடித்து, அங்கே எவனோ எழுதி வைத்திருந்த வழிமுறையை வரிக்கு வரி காப்பியடித்தார். எழுதினவன் மீசை முளைத்தவனா என்றுகூட அவருக்குத் தெரியாது. முதல் போன் செத்தது. மனைவியுடைய போன் இரண்டாவதாகச் செத்தது. மூன்றாவது பிழைத்துக்கொண்டது. அன்றிலிருந்து அவர் எங்களுக்கெல்லாம் ரட்சகர்.

"நீ காசு கொடுத்து வாங்கின வீட்டுக்குச் சாவி கொத்தனார் கையிலயா இருக்கு? அப்ப போனுக்கு மட்டும் ஏன்டா கம்பெனிக்காரன் கையில இருக்கணும்?" என்று மாடிப்படியில் நிற்க வைத்துக் கேட்பார். கேள்வி நியாயமானதுதான். அதனால்தான் எல்லோரும் விழுந்தோம்.

முதலில் கம்பெனி போட்ட பூட்டைக் கழற்றுவார். கழற்றிய மாத்திரத்தில் போன் தன்னிடமிருந்த அத்தனை படங்களையும் தானே அழித்துவிடும். பேத்தியின் ஞானஸ்நானப் படங்கள் போயிற்றே என்று யாராவது அழுதால், சுதந்திரம் என்றால் சும்மாவா என்பார். போன் தன் வயிற்றில் உள்ளதையெல்லாம் வேற்றாள் படிக்க முடியாதபடி குழப்பி எழுதி வைக்கும் ஏற்பாடு ஒன்று உண்டு. அடுத்து அதை நிறுத்துவார். ஒவ்வொரு தடவை விழிக்கும்போதும் தன் உடம்பில் எவனாவது கை வைத்தானா என்று போன் தானே தடவிப் பார்த்துக்கொள்ளும் சோதனை ஒன்றும் உண்டு. அதையும் நிறுத்துவார். எதற்கு என்று கேட்டால், வேகம் கூடும் என்பார். உண்மைக் காரணம் வேறு. அவர் கை பட்ட போன் எப்போது வேண்டுமானாலும் படுத்துவிடும். படுத்த போனிலிருந்து கேபிள் போட்டு எதையாவது உருவி எடுக்க வேண்டுமானால் உள்ளே எதுவும் குழப்பி எழுதியிருக்கக் கூடாது. தான் செய்யப்போகும் நாசத்துக்கு முன்கூட்டியே வழி பண்ணி வைத்தார், அவ்வளவுதான்.

போனைத் திறக்கிற பின் நம்பர் அப்படியேதான் இருக்கிறது, பயப்படாதீர்கள் என்றும் சொல்வார். இருந்தது. வாசல் கதவில் பூட்டுத் தொங்கியது, கொல்லைச் சுவரைத்தான் காணோம். வங்கிகளுக்கு மட்டும் அது தெரிந்துவிட்டது. அவர்களுடைய ஆப் எதுவும் எங்கள் போன்களில் திறக்க மறுத்தது. கரண்டு பில் கட்ட மறுபடியும் தபால் அலுவலகத்தில் வரிசையில் நின்றோம், கையில் சுதந்திரமான போனை வைத்துக்கொண்டு.

இருந்தும் ஆட்கள் வந்துகொண்டுதான் இருந்தார்கள். திஹோமிர் காசு வாங்க மாட்டார். முட்டையோ பாலாடைக்கட்டியோ வீட்டில் வடித்த ரக்கியாச் சாராயமோ கொண்டுபோனால் போதும். வந்த போன்கள் எல்லாம் அவர் வீட்டுச் சமையலறை மேசையில், உப்பு டப்பாவுக்குப் பக்கத்தில் வரிசையாகக் கிடக்கும். அதே மேசையில்தான் அவர் மனைவி தெசாங்கா காப்பிக் கோப்பையில் குறி பார்ப்பாள்.

எங்கள் ஊரில் இது புதிதல்ல. துருக்கிக் காப்பியைக் குடித்து முடித்ததும் கோப்பையைத் தட்டில் கவிழ்த்து வைக்க வேண்டும். வண்டல் வழிந்து காய்ந்ததும் உள்சுவரில் உருவங்கள் தெரியும். தெசாங்கா அதைப் பார்த்து ஒரு பயணம், ஒரு விருந்தாளி, கொஞ்சம் பணம் என்பாள். யாருக்குத்தான் விருந்தாளி வராமல் இருக்கிறது. பெண்கள் சிரித்துவிட்டு, காப்பிக்காகவும் வம்புக்காகவும் வந்து போனார்கள். திஹோமிருக்கு இதைக் கண்டாலே எரிச்சல். சமையலறை வாசலில் நின்றுகொண்டு, "பாரு பாரு, நல்லாப் பாரு. அப்படியே எனக்கு லாட்டரியில எந்த நம்பர் வருதுன்னும் பார்த்துச் சொல்லு" என்பார். தெசாங்கா அதைக் காதில் போட்டுக்கொள்ள மாட்டாள். ஆனால் அவளுக்கு வலித்தது. கல்யாணமான நாளிலிருந்து அந்த ஆள் அவள் செய்த எதையும் மதித்ததில்லை.

அப்படியிருந்தவள் ஒரு வசந்தகாலத்தில் திடீரென்று ஆளைக் குலை நடுங்க வைக்கிற மாதிரி குறி சொல்ல ஆரம்பித்தாள். மாயமும் இல்லை, மந்திரமும் இல்லை. திஹோமிரின் தற்பெருமைதான் காரணம். அவர் ஒருநாள் அவளைக் கூப்பிட்டு உட்கார வைத்துத் தன் மேதைமையைக் காட்டினார். அணைத்துக் கிடந்த ஒரு போனை எடுத்தார். இரண்டு பொத்தானைச் சேர்த்து அழுத்தினார். ஒரு கேபிளைச் செருகினார். பழைய கம்ப்யூட்டரில் படங்கள், வீடியோக்கள், ஆட்கள் ஒருவருக்கொருவர் அனுப்பிய குரல் பதிவுகள் எல்லாம் சந்தையில் காய் பரப்பினது மாதிரி வந்து விழுந்தன. பின் நம்பர் கேட்கவே இல்லை, பார்த்தாயா என்று மார் தட்டினார். தெசாங்கா பார்த்தாள். ரொம்ப நன்றாகவே பார்த்துக்கொண்டாள். அவர் வேலைக்குப் போனதும் மேசையில் கிடந்த போன்களை ஒவ்வொன்றாக எடுத்தாள்.

நான்காம் மாடி ஸ்தாமென்காவுக்கு முதல் குறி. ஸ்தாமென்காவின் கணவன் போரிவோயே ரகசியமாக ஒரு மோட்டார் சைக்கிள் வாங்கி, நண்பனின் கொட்டகையில் வைத்திருந்தான். அதன் படங்கள் அவன் போனில் இருந்தன, சாய்ந்து நின்று, உட்கார்ந்து, முத்தம் கொடுத்து. தெசாங்கா கோப்பையைச் சுழற்றிப் பார்த்து, "இரண்டு சக்கரம் தெரியுது. மேலே தார்ப்பாய் மூடியிருக்கு. பக்கத்துல வைக்கோல்" என்றாள். மறுநாள் கட்டடம் முழுவதும் போரிவோயேயின் அலறல் கேட்டது.

அடுத்து கட்டடக் குழுத் தலைவர் ஸ்ரெத்தெனோவிச். எப்போதும் தொப்பியோடே திரிகிற அந்த ஆள் ஓஹ்ரித் ஏரிக்குப் போய்வந்தேன் என்று எல்லோருக்கும் சொல்லியிருந்தார். அவர் மனைவி வற்புறுத்தி இழுத்து வந்ததால் ஒரு கோப்பை குடித்தார். தெசாங்கா கண்ணை இடுக்கிக்கொண்டு, கடலோரத்தில் ஒரு பெரிய நகரம் தெரிகிறது, மசூதிகள் தெரிகின்றன, ஒரு மனிதன் குப்புறப் படுத்திருக்கிறான், அவன் தலையில் நாற்று நடுகிறார்கள் என்றாள். ஸ்ரெத்தெனோவிச் தொப்பியை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு எழுந்தார். முடி நட இஸ்தான்புல்லுக்குப் போனது அவருக்கும் அவர் போனுக்கும் மட்டும்தான் தெரியும்.

அன்று சமையலறை வாசலில் திஹோமிர் நின்றுகொண்டிருந்தார். நக்கல் பண்ணத்தான் வந்திருந்தார். ஸ்ரெத்தெனோவிச்சின் முகத்தைப் பார்த்தார், கோப்பையைப் பார்த்தார். அந்தத் தலைவரின் போனைப் போன வாரம் திறந்துவிட்டவர் இவர்தான். இதே மேசையில் அது இரண்டு நாள் கிடந்தது. சின்னப் பிள்ளைக்குக்கூட இரண்டும் இரண்டும் நாலு என்று பொறி தட்டும். இவருக்குத் தட்டவில்லை. தட்டியிருந்தால், தான் திறந்துவிட்ட போனை ஒரு கேபிள் வைத்திருக்கிற யார் வேண்டுமானாலும் படிக்கலாம் என்று ஒப்புக்கொள்ள வேண்டிவரும். அதற்குப் பதில் கோப்பையை நம்புவது அவருக்குச் சுலபமாக இருந்தது.

நம்பினார் என்றால் சாதாரணமாக நம்பவில்லை. அவருக்கு எதுவும் விஞ்ஞானத்தோடு வேண்டும். வண்டலில் இரும்புச் சத்து இருக்கிறது, மனித உடம்பில் மின்சாரம் ஓடுகிறது, உதட்டிலிருந்து அது கோப்பைக்கு இறங்குகிறது என்று பணிமனையில் வகுப்பெடுத்தார். கேட்டவர்கள் அவர் இல்லாதபோது வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்கள். தெசாங்காவோ வாழ்க்கையில் முதல் தடவையாகத் தலை நிமிர்ந்து நடந்தாள். கணவர் அவளுக்கு நாற்காலியை இழுத்துப் போட்டார். பார்க்க வரும் பெண்களிடம், கொஞ்சம் சத்தம் போடாமல் இருங்கள், அவள் பார்க்கிறாள் என்றார். அந்த மரியாதைக்காக அவள் எதையும் செய்வாள். உடைத்துச் சொன்னால் குடும்பமே சிதறிப்போகும் விஷயங்களும் சில போன்களில் இருந்தன. அவற்றைக் கோப்பையில் அவள் பார்க்கவே இல்லை. அந்த மட்டுக்கு அவளிடம் நேர்மை இருந்தது.

இப்படி ஊர் ரகசியமெல்லாம் மேசைக்கு வந்துகொண்டிருந்தபோது திஹோமிரும் ஒரு ரகசியத்தை வைத்திருந்தார். அதற்கு முந்தைய குளிர்காலத்தில் லிப்ட் நின்றுபோய் மாடி ஏறியபோது அவர் நெஞ்சை யாரோ கையால் முறுக்கிப் பிழிந்த மாதிரி இருந்தது. காற்று என்றுதான் முதலில் நினைத்தார். எங்கள் ஊரில் எதிரெதிர் ஜன்னல்கள் திறந்திருந்து குறுக்கே காற்று அடித்தால் பல்வலி முதல் பக்கவாதம் வரை எல்லாம் அதனால் வந்ததுதான். நெஞ்சில் ரக்கியா தேய்த்துக்கொண்டு படுத்தார். மறுபடியும் வந்தது. பணிமனை மருத்துவர் அவரை இதய மருத்துவமனைக்கு அனுப்பினார். அவர்கள் படம் எடுத்துப் பார்த்துவிட்டு, ரத்தக் குழாய் அடைத்திருக்கிறது, மணிக்கட்டில் துளை போட்டுக் கம்பி விட்டு ஸ்டென்ட் வைக்க வேண்டும், தள்ளிப்போடாதீர்கள் என்றார்கள். செப்டம்பர் தொடக்கத்தில் ஒரு தேதியும் கொடுத்தார்கள்.

ஊரார் போனையெல்லாம் பிளந்து போட்ட மனிதர், தன் உள்ளே எவனும் கம்பி விடக் கூடாது என்று நடுங்கினார். வெட்கமாகவும் இருந்தது. தெசாங்காவிடம் சொல்லவில்லை. லின்ஸ் நகரத்தில் லாரி ஓட்டும் வுகாஷினிடம் மட்டும் சொன்னார். வுகாஷின் அவருடைய கூம், அதாவது கல்யாணத்தில் சாட்சியாக நின்றவன். கூம் என்றால் உடன்பிறப்புக்கும் ஒரு படி மேல், அவனிடம் சொன்னது வெளியே போகாது. மாடிப்படியில் நின்றுகொண்டு போனில் குரல் பதிவு செய்து அவனுக்கு அனுப்புவார். பயமாயிருக்குடா என்று அவர் சொன்னது வாழ்க்கையிலேயே அந்த ஒருவனிடம்தான். வுகாஷின் கெட்ட வார்த்தையில் திட்டி, ஒழுங்காகப் போய்ப் படு என்று பதில் அனுப்புவான்.

தேதி நெருங்க நெருங்க திஹோமிருக்குத் தூக்கம் போயிற்று. போகவும் முடியவில்லை, போகாமல் இருக்கவும் முடியவில்லை. அப்போதுதான் அவருக்கு அந்த யோசனை வந்தது. மருத்துவன் தப்புப் பண்ணலாம், படம் பிடித்த கருவி தப்புப் பண்ணலாம். தெசாங்காவின் கோப்பை இதுவரை ஒரு தடவைகூடத் தப்பவில்லை. நெஞ்சில் நிஜமாகவே ஏதாவது இருந்தால் வண்டலில் வராமலா போகும்? அவளுக்கு ஒன்றும் சொல்லாமல் பார்க்கச் சொல்ல வேண்டும். அதில் தெரிந்தால் மருத்துவமனை. தெரியாவிட்டால் வீடு. தன் உயிரை ஒரு காப்பிக் கோப்பையில் பந்தயம் வைக்கிறோம் என்று அவருக்குத் தோன்றவில்லை. கடைசியில் ஒரு நல்ல நிபுணரைப் பார்க்கப் போகிறோம் என்றுதான் தோன்றியது.

ஞாயிற்றுக்கிழமை காலை சாப்பாடு முடிந்ததும் அவர் தன் கோப்பையைத் தானே கவிழ்த்து அவள் முன்னால் தள்ளினார். "எனக்கும் பாரேன்" என்றார், ஒரு பள்ளிக்கூடப் பையனைப் போலத் தலையைக் குனிந்துகொண்டு.

தெசாங்கா கோப்பையை இரண்டு கையாலும் எடுத்துக்கொண்டாள். எத்தனை வருஷம் அவள் காத்திருந்த வார்த்தை. ஆனால் கையில் ஒன்றுமில்லை. அவர் போனை அவள் தொட்டதே இல்லை. எல்லோர் போனையும் போல அதுவும் திறந்துதான் கிடந்தது, அவர் குளிக்கப் போகும்போதெல்லாம் உப்பு டப்பாவுக்குப் பக்கத்தில்தான் கிடந்தது. கோப்பையைச் சுழற்றினாள். வண்டல் வண்டலாக இருந்தது. பழைய பாட்டையே எடுத்துவிட்டாள். ஒரு பயணம், ஒரு விருந்தாளி, கொஞ்சம் பணம் என்றாள்.

"உடம்பு?" என்று கேட்டார் திஹோமிர்.

கேட்ட குரலில் என்னவோ இருந்தது. அவள் நிமிர்ந்து பார்த்தாள். அவர் ஜன்னல் பக்கம் பார்த்துக்கொண்டிருந்தார். ஆம்பளைகளுக்கு வயதானால் வரும் கவலை என்று நினைத்தாள், சந்தோஷமாக அனுப்பிவைப்போம் என்றும் நினைத்தாள்.

"சுத்தமா இருக்கு. இரும்பு மாதிரி. நீ என்னைப் புதைச்சிட்டுத்தான் போவ" என்றாள்.

திஹோமிர் எழுந்து வந்து அவள் தலையில் முத்தம் கொடுத்தார். எதற்கென்று அவளுக்கு விளங்கவில்லை. மறுநாள் காலை மருத்துவமனைக்குப் போன் போட்டு, எனக்கு அந்த இடம் வேண்டாம், நிஜமாகவே நோயாளியாக இருக்கிற எவனுக்காவது கொடுங்கள் என்றார். போனை எடுத்த பெண் நிஜமாகவா என்று இரண்டு தடவை கேட்டாள், இவர் இரண்டு தடவையும் அதையே சொன்னார். அன்று பணிமனையில் சீழ்க்கை அடித்துக்கொண்டே வேலை பார்த்தார், கதவு ஒன்றைச் சரியாகக்கூட மாட்டினார்.

செப்டம்பரில் எங்கள் கட்டடத்து முற்றமெல்லாம் சிவப்புக் குடமிளகாய்தான். தகர அடுப்புகளைப் போட்டு, மிளகாயைச் சுட்டுத் தோலுரித்து, குளிர்காலத்துக்கு அய்வார் என்கிற விழுதைக் கிண்டுவோம். அடுப்பை எப்படி மூட்ட வேண்டும் என்று திஹோமிர் எல்லோருக்கும் சொல்லிக் கொடுத்துக்கொண்டிருந்தார். அதை யாரும் அவரிடம் கேட்கவில்லை. போரிவோயே ஒரு சாக்கைத் தூக்க முடியாமல் இழுப்பதைப் பார்த்துவிட்டு, தள்ளுடா, இதையெல்லாம் மோட்டார் சைக்கிளில் கொண்டுவருவாய் என்று நினைத்தேன் என்று நக்கலடித்துக்கொண்டே சாக்கைத் தோளில் ஏற்றினார். நாலடி வைத்தார். முகம் சாம்பல் நிறமானது. மிளகாய் முற்றமெங்கும் உருண்டது.

மருத்துவமனையில் இளம் டாக்டர் ஒருத்தி தெசாங்காவிடம் அடுக்கடுக்காகக் கேட்டாள். எப்போதிலிருந்து வலி, என்ன மாத்திரை சாப்பிடுகிறார், யார் பார்த்தார்கள். தெசாங்காவுக்கு ஒன்றுகூடத் தெரியவில்லை. வலியா, அவருக்கா என்று திருப்பிக் கேட்டாள். டாக்டர் கம்ப்யூட்டரைப் பார்த்துவிட்டு நிமிர்ந்தாள். இவர் பெயர் எங்களிடம் இருந்ததே, போன வாரமே முடிந்திருக்க வேண்டியது, அவரே கூப்பிட்டு வேண்டாம் என்றாரே என்றாள்.

தெசாங்கா வீட்டுக்கு வந்தாள். ஊரில் யார் வீட்டில் மோட்டார் சைக்கிள் ஒளிந்திருக்கிறது, யார் தலையில் புதுமுடி முளைக்கிறது என்றெல்லாம் தெரிந்தவள், தன் வீட்டு மனிதனின் நெஞ்சு அடைத்தது தெரியாமல் இருந்திருக்கிறாள். அவர் சட்டைப் பையில் இருந்ததென்று மருத்துவமனையில் எடுத்துக் கொடுத்த போனை மேசையில் வைத்தாள். இரண்டு பொத்தானைச் சேர்த்து அழுத்தி, கேபிளைச் செருகினாள். போன் ஒரு கேள்வியும் கேட்கவில்லை. கூமுக்கு அனுப்பிய குரல் பதிவுகள் எல்லாம் வரிசையாக இருந்தன. ஒவ்வொன்றாகக் கேட்டாள். தன் கணவர் பயந்து பேசி அவள் அதற்கு முன் கேட்டதே இல்லை. கடைசிப் பதிவில் மட்டும் குரல் தெளிவாக இருந்தது.

"கூம், இன்னிக்குத் தெசா எனக்குப் பார்த்தா. ஒண்ணுமில்லையாம். இரும்பு மாதிரின்னா. டாக்டர் சொல்றது கெடக்கட்டும்டா, அவ சொன்னா தப்பாது. நான் போகப்போறதில்ல."

அவள் அந்த நாற்காலியிலேயே உட்கார்ந்து வாய்விட்டு அழுதாள்.

திஹோமிர் சாகவில்லை. ஆனால் இதயத்தில் ஒரு பாகம் செத்துவிட்டது, அது இனித் திரும்பாது என்றார்கள். தேதியில் வந்திருந்தால் இவ்வளவு ஆகியிருக்காது என்பதை டாக்டர் மழுப்பாமலே சொன்னாள். இனிப் பணிமனை இல்லை, மாடிப்படி இல்லை, சாக்கு இல்லை. கண் விழித்துப் பேசத் தெம்பு வந்த அன்று அவர் பக்கத்தில் உட்கார்ந்திருந்த மனைவியைக் குற்றம் சாட்டுகிற மாதிரி பார்த்தார்.

"நீ பார்த்தியே தெசா. சுத்தமா இருக்குன்னியே."

கோப்பையைச் சரியாகக் கவிழ்க்கவில்லை, வண்டல் ஈரமாக இருந்தது, பெருவிரலைக் கோப்பையின் அடியில் வைத்து அழுத்தவில்லை என்று சொல்ல அவளிடம் ஆயிரம் சாக்கு இருந்தது. அவர் அதில் எதை வேண்டுமானாலும் நம்பியிருப்பார். அவள் சொல்லவில்லை.

"கோப்பையில எனக்கு என்னிக்குமே ஒண்ணும் தெரிஞ்சதில்ல. நீ மேசையில பரப்பி வெச்சிருந்த போனுங்களைத்தான் பார்த்தேன். நீ அன்னிக்குச் செஞ்சு காட்டின மாதிரியே."

மோட்டார் சைக்கிள், இஸ்தான்புல், இரும்புச் சத்து, மின்சாரம் எல்லாம் ஒவ்வொன்றாகத் திஹோமிரின் முகத்தில் வந்து போயின. தன்னை முட்டாளாக்கியவள் மேல் கோபப்படவும் அவரால் முடியவில்லை, முட்டாளாக்கிய கருவியை அவரேதான் செய்து கொடுத்திருந்தார்.

"அப்ப என் போன்?"

"அதை மட்டும் நான் தொடல."

அவர் முகம் கொஞ்சம் தெளிந்தது. ஊர் முழுவதையும் திறந்து பார்த்தவள் புருஷன் போனை மட்டும் விட்டுவைத்திருக்கிறாள். ஏதோ ஒரு மரியாதை, ஏதோ ஒரு பிரியம் இருந்ததால்தானே. அந்த வார்த்தையை அவள் வாயால் கேட்க ஆசைப்பட்டு, "ஏன் தெசா?" என்றார்.

தெசாங்கா கைக்குட்டையால் மூக்கைத் துடைத்துக்கொண்டாள். நல்ல வார்த்தை ஒன்றைத் தேடினாள். அன்று அவளுக்குப் பொய் சொல்லத் தெம்பில்லை.

"உன் போன்ல என்ன பெருசா இருந்துடப் போகுதுன்னு நினைச்சேன்."